சூசை மாமா வீட்டு அட்ரஸ்

பினாங்குத் தீவு கடலோடு மிதந்து போய்விடாமல் இத்தனை காலம் நின்றதற்குக் காரணம், ஜார்ஜ் டவுனில் டத்தோ கிராமாட் சாலைக்குப் பின்னால் ஒரு சந்தில் ஆணியடித்து மாட்டியிருந்த சூசை மாமாவின் வீட்டு நம்பர் தகரம்தான். ஷார்லினைக் கேட்டால் அப்படித்தான் சொல்வாள். ராஜாவுக்கு அரண்மனை இருக்கும், மந்திரிக்கு மாளிகை இருக்கும். ஆனால் அரசாங்கம், வங்கி, போலீஸ், ஆஸ்பத்திரி நாலும் தினம் வந்து குனிந்து கதவிடுக்கில் காகிதம் நுழைத்துவிட்டுப் போன பெருமை சரித்திரத்தில் ஒரே ஒரு பஸ் டிரைவருக்குத்தான் கிடைத்தது. அந்தத் தகரத்தைக் கழற்றினால் பாதி நாட்டுக்குக் கரண்டு நின்றுபோகும் என்று அவள் பள்ளிக்கூடத்தில் சொல்லியிருக்கிறாள். இரண்டு பேர் நம்பினார்கள்.

சூசை அவளுடைய அம்மாவுக்கு அண்ணன். வயது ஐம்பத்தெட்டு. பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைக்கு ஆள் ஏற்றிப் போகும் பஸ்ஸை ஓட்டுகிறார். அத்தை தவறிச் சில வருஷம் ஆகிறது. பிள்ளைகள் இல்லை. ஆனால் அவர் வீட்டுக்கு வந்த கடிதங்களை மட்டும் பார்த்தால், முப்பது நாற்பது பேர் அடைந்து கிடக்கும் வீடு என்றுதான் யாரும் நினைப்பார்கள்.

அதற்குக் காரணம் உண்டு. சூசையும் அவருடைய சொந்தக்காரர்களும் சுங்கை பாக்காப் பக்கத்துத் தோட்டத்து ஆட்கள். தோட்டத்தில் எந்த வீட்டு வாசலுக்கும் தபால்காரன் வந்ததில்லை. எல்லாம் மொத்தமாக ஆபீசுக்கு வரும்; அங்கே கணக்கு எழுதும் கிராணி ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டுக் கொடுப்பார். தபால் என்றால் ஊருக்கே ஒரு இடம் என்பது அவர்கள் ரத்தத்தில் ஊறிப்போன சங்கதி. தோட்டத்தை விற்ற பிறகு சிலர் மாக் மண்டின் பட்டறைகளுக்கும் சிலர் பாயான் லெப்பாசுக்கும் போனார்கள். இந்த வருஷம் ஒரு வாடகை அறை, அடுத்த வருஷம் இன்னொன்று. எந்தப் பாரத்தை நிரப்பினாலும் முகவரி கேட்கும் இடத்தில் பேனா நின்றுவிடும். அப்போது யாரோ ஒருவர் ஆரம்பித்து வைத்தார்: “சூசை அட்ரச போடுலா. அவன் எங்கயும் போகமாட்டான்.”

போட்டார்கள். அடையாள கார்டில், வங்கியில், லைசென்சில், ஆஸ்பத்திரி அட்டையில். சொந்த வீடு வாங்கிய பிறகும் மாற்றவில்லை. எதற்கு மாற்ற வேண்டும்? லெட்டர் சூசை வீட்டுக்கு வரும். சூசை போன் போடுவார். ஞாயிற்றுக்கிழமை வந்து எடுத்துக்கொள்வார்கள். வந்தால் தேநீர் குடிக்காமல் போக முடியாது. தேநீர் குடித்தால் பேசாமல் போக முடியாது.

கதவுக்குப் பின்னால் தொங்கவிடும் பிளாஸ்டிக் பை ஒன்று இருந்தது. வரிசை வரிசையாக அறைகள் தைத்தது, செருப்பு வைப்பதற்கென்று அத்தை இரவுச் சந்தையில் வாங்கியது. வீட்டில் இருந்த செருப்பே இரண்டு ஜோடி. மீதி அறைகளில் சூசை பிளாஸ்திரி ஒட்டிப் பெயர் எழுதி, அவரவர் லெட்டரைப் போட்டு வைத்தார். யாருடைய கவரையும் பிரிக்க மாட்டார். போலீஸ் அபராதச் சமான் என்று வெளியிலேயே பெரிதாக எழுதியிருந்தாலும், “உனக்கு ஒரு லெட்டர் வந்திருக்கு, என்னன்னு எனக்குத் தெரியாது” என்றுதான் போனில் சொல்வார்.

இப்படிப் போய்க்கொண்டிருந்த உலகம் ஒரு நாள் நின்றது. வீட்டுக்காரர் காலமானார். அவருடைய பிள்ளைகள் அந்த வரிசை வீடுகளைச் சேர்த்து ஹோட்டலாக்கப் போவதாகச் சொன்னார்கள். மரியாதையாகத்தான் சொன்னார்கள், ஆரஞ்சுப் பழமெல்லாம் கொண்டுவந்து கொடுத்தார்கள். சூசை பாயான் பாருவில் ஒரு பிளாட்டின் ஒன்பதாவது மாடியில் இடம் பார்த்தார்.

சாமான் கட்டுவதற்கு முன்னால் அவர் செய்த முதல் வேலை, ஷார்லினைக் கூட்டிக்கொண்டு போஸ்டாபீசுக்குப் போனது. பழைய அட்ரசுக்கு வருவதையெல்லாம் புது அட்ரசுக்குத் திருப்பி அனுப்பச் சொல்லி எழுதிக் கொடுக்கலாம் என்று யாரோ சொல்லியிருந்தார்கள். ஷார்லினுக்கு வயது பதினேழு. பள்ளிக்கூடத்தில் ஐந்தாம் பாரத்தோடு படிப்பு அவளை விட்டுவிட்டது. அவள்தான் விட்டாள் என்று அவள் சொல்வாள். கொம்தார் கட்டடத்தில் போன் கவர் விற்கும் கடையில் வேலை. கையெழுத்து மட்டும் முத்து முத்தாக இருக்கும். டீச்சர் மாதிரி கையெழுத்துப் போட்டுப் போட்டுப் பழகியது.

கவுண்டரில் இருந்த பெண்ணின் சட்டையில் இமான் என்று பெயர் இருந்தது. பேச்சு மலாயில் நடந்தது; பாக்சிக் என்று, அதாவது மாமா என்று, கூப்பிட்டாள். ஷார்லின் நிரப்பியிருந்த பெயர்களை அந்தப் பெண் மேலிருந்து கீழே பார்த்தாள். தாளைத் திருப்பினாள். பின்பக்கமும் பெயர்கள்.

“பாக்சிக், இத்தனை பேரா ஒரே வீட்ல?”

“வீட்ல நான் ஒருத்தன்தான்” என்றார் சூசை.

“அப்ப இவங்க?”

“இவங்க லெட்டர் மட்டும் என் வீட்ல குடியிருக்கு.”

இமான் சிரிக்கவில்லை. சிரிப்பை அடக்கிக்கொண்டு பக்கத்து ஆளிடம் போய்க் கேட்டுவிட்டு வந்தாள். ஒருவருடைய தபாலைத் திருப்ப வேண்டுமென்றால் அவரவர்தான் கையெழுத்துப் போட வேண்டும் என்றாள். அதுவும் கொஞ்ச காலத்துக்குத்தான் திருப்புவார்கள், அப்புறம் நின்றுவிடும். “அவங்கவங்களே அட்ரஸ் மாத்திக்கச் சொல்லுங்க பாக்சிக். இப்பல்லாம் ரொம்ப சுலபம்.”

“கையெழுத்துதானே மாமா, நான் போடறேன்” என்று ஷார்லின் தமிழில் முணுமுணுத்தாள். சூசை அவள் கையிலிருந்த பேனாவைப் பிடுங்கிச் சட்டைப் பையில் செருகிக்கொண்டார்.

வீட்டுக்கு வந்து ஒவ்வொருவராகப் போன் போட்டார். ஞாயிறு வந்து ஒரு கையெழுத்துப் போட்டுவிட்டுப் போங்கள் என்று கேட்பதற்காகத்தான். முதலில் தங்கை மகன் டேரன். பாயான் லெப்பாசில் எஞ்சினியர். ஷார்லினுக்குப் பெரியம்மா மகன்.

“ஐயோ மாமா, உங்களுக்கு எதுக்கு இந்த அலைச்சல்? போன்லயே மாத்திடலாம். இருங்க… ஆ, பேங்க் மாத்தியாச்சு. இன்ஷூரன்சும் இப்பவே மாத்திடறேன்.”

அடுத்து முனுசாமி. தோட்டத்தில் சூசையோடு ஒன்றாக வளர்ந்த கூட்டாளி, இன்னும் சுங்கை பாக்காப்பிலேயே இருக்கிறார். “சூசை, எம்மவன் எல்லாத்தையும் மாத்திக் குடுத்துட்டான்பா. ரொம்ப வருஷமா உனக்குத் தொல்ல. இனிமே நிம்மதியா இரு.”

தொல்லை என்ற சொல்லைக் கேட்டதும் சூசை போனைக் காதிலிருந்து கொஞ்சம் தள்ளிப் பிடித்தார். ஷார்லின் அதைப் பார்த்தாள். அதற்குப் பிறகு அவர் கூப்பிட்டவர்களும் அதையேதான் சொன்னார்கள், எல்லாரும் அன்பாகச் சொன்னார்கள். ஒருவராவது முகத்தில் அடித்த மாதிரிப் பேசியிருந்தால் மாமா பதிலுக்கு இரண்டு வார்த்தை திட்டி ஆறியிருப்பார். இவ்வளவு அன்பை வைத்துக்கொண்டு ஒரு மனிதன் என்ன செய்வான்?

மறுநாள் போஸ்டாபீசில் புதுத் தாள் வாங்கி, சூசை என்ற ஒரே பெயரை ஷார்லின் எழுதினாள். இவ்வளவு பெரிய தாளில் ஒரே ஒரு பெயர். தேவையில்லாமல் அடியில் ஒரு கோடு போட்டாள்.

புது வீட்டிலும் கதவுக்குப் பின்னால் செருப்புப் பை தொங்கியது. பிளாஸ்திரிப் பெயர்கள் அப்படியே இருந்தன. சூசையின் அறையில் கரண்டு பில். மற்றவை சும்மா. வீடு குடிபோன அன்று எல்லாரும் வந்து, பால் காய்ச்சி, ஜெபம் சொல்லி, காற்று நல்லா வருது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். அதோடு சரி. கோபம் ஒன்றும் இல்லை, வர வேண்டிய வேலையும் இல்லை.

ஷார்லினுக்கு ஞாயிற்றுக்கிழமை லீவு. மாதா கோயிலுக்குப் போக வேண்டும் என்று முதலாளியிடம் சொல்லி வாங்கியது. போனாளா என்பது அவளுக்கும் மாதாவுக்கும் உள்ள விஷயம். அக்கரையில் மாக் மண்டினில் இருக்கும் வீட்டிலிருந்து புறப்பட்டு, ஃபெரி ஏறி, பஸ் பிடித்து அவள் ஒன்பதாவது மாடிக்குப் போனால், பெரிய பானை நிறையத் தேநீர் இருக்கும். ஆள் அவர் ஒருவர்தான்.

“யாருக்கு மாமா இவ்ளோ?”

“கை பழகிப் போச்சு.”

“கூப்பிடுங்களேன் யாரையாச்சும்.”

“என்னான்னு சொல்லிக் கூப்பிடறது? அவனவனுக்கு ஆயிரம் வேல. சும்மா வான்னா நல்லாவா இருக்கும்?”

திரும்பி வரும்போது ஃபெரியில் அதையே யோசித்துக்கொண்டு வந்தாள். மாமா ஒரு நாளைக்கு எத்தனையோ பேரை பஸ்ஸில் ஏற்றி இறக்குகிறார். ஒருவர் வீட்டு வாசலுக்கும் அவர் சும்மா போய் நின்றதில்லை. போனால் கையில் கவர் இருக்கும். ‘அர்ஜெண்ட் மாதிரி இருந்துச்சு, அதான் கொண்டாந்தேன்’ என்பார். வருகிறவர்களுக்கும் அதேதான். ஒரு கூட்டமே ஒருவரையொருவர் பார்ப்பதற்கு வங்கியும் போலீசும் வந்து அழைப்பு வைக்க வேண்டியிருந்திருக்கிறது. கேலி செய்ய நல்ல விஷயம்தான். ஆனால் அவளுக்கு அன்றைக்குக் கேலி வரவில்லை. வந்தது வேறொரு யோசனை.

கொம்தார் கடையில் மத்தியானம் ஈ ஓட்டுகிற நேரம். ‘இலவசப் புத்தகம் வீடு தேடி வரும்’ என்று போனில் வரும் விளம்பரங்களை இதுவரை தள்ளிவிட்டுக்கொண்டிருந்தவள், ஒவ்வொன்றாகத் திறந்தாள். முனுசாமிக்குக் காது கேட்கும் கருவி. டேரனுக்கு முடி கொட்டாமல் இருக்க வைத்தியம். அம்மாவுக்கு உடம்பு இளைக்கும் மாவு. தேர்ந்தெடுத்து, ஆளுக்குத் தக்கபடி போட்டாள். அட்ரஸ் மட்டும் எல்லாருக்கும் ஒன்று: பாயான் பாரு, ஒன்பதாவது மாடி. போன் நம்பர் கேட்ட இடத்தில் கடை நம்பர்.

முதல் கவர் வந்த அன்று மாமா டேரனுக்குப் போன் போட்டுப் பேசிய குரலை ஷார்லின் பிற்பாடு கேள்விப்பட்டாள். பழைய மாமாவின் குரல்.

“டேரன், உனக்கு ஒரு லெட்டர் வந்திருக்கு.”

“அங்க எனக்கு லெட்டர் வராதே மாமா, எல்லாம் மாத்திட்டேனே. போட்டோ எடுத்து அனுப்புங்க.”

“அடுத்தவன் கவர நான் பிரிக்கிறதில்ல. என்னா ஏதுன்னு எனக்குத் தெரியாது. கனமா இருக்கு. வந்து எடுத்துக்க.”

டேரன் மனைவியோடு வந்தான். கவலையோடுதான் வந்தான், சமான் என்று நினைத்து. கூடத்தில் எல்லார் முன்னாலும் பிரித்தான். பளபளவென்று ஒரு மொட்டைத் தலை, பக்கத்தில் அதே ஆளின் தலையில் காடு. தேநீர் குடித்துக்கொண்டிருந்த முனுசாமிக்குப் புரை ஏறிவிட்டது. அவரும் தன் கவரை எடுக்க சுங்கை பாக்காப்பிலிருந்து மோட்டார் சைக்கிளில் வந்திருந்தார்.

“அரசாங்கமே உன் மண்டைய பாத்துட்டு கவலப்படுது, தம்பி!”

“உங்க கவர பிரிங்க, முனுசாமி மாமா, அப்புறம் பேசலாம்.”

“ஆ? என்னா சொன்ன?”

“அதான், அதான் உங்களுக்கு வந்திருக்கு!”

அன்று பானை காலியானது. ஷார்லின் மூலையில் உட்கார்ந்து, ஞாயிறு பூசையில் இருப்பவளைப் போல முகத்தை வைத்துக்கொண்டிருந்தாள். அடுத்த வாரம் சமையல் பாத்திர விளம்பரம் ஒன்றும், அதற்கடுத்த வாரம் கல்லறை நில விளம்பரம் ஒன்றும் வந்தன. கல்லறை வந்த சித்தப்பா மட்டும் கவரில் தன் பெயர்தானா என்று இரண்டு தடவை திருப்பிப் பார்த்தார். பிறகு அவர்தான் எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தார்.

ஆனால் கடையில் போன் அடிக்க ஆரம்பித்துவிட்டது. “துவான் முனுசாமி இருக்காரா?” என்று காது கருவிக் கம்பெனி. ஷார்லின் குரலைத் தடிமனாக்கி, முனுசாமி குளிக்கப் போயிருக்கிறார் என்பாள். அந்த மாதம் முனுசாமி குளித்த குளியலுக்கு ஒரு அணை வற்றியிருக்கும். முதலாளி ஹனீபா இரண்டு வாரம் பொறுத்தார். பிறகு ஒரு நாள் ரிசீவரை அவரே எடுத்தார். கல்லறைக்காரர்கள். பேசி முடித்துவிட்டு வந்து, “ஷார்லின், இன்னொரு போன் வந்துச்சு, நெலத்த உனக்கே புக் பண்ணிடுவேன்” என்றார்.

நிறுத்திவிட்டாள். போட்ட கவர்கள் எல்லாம் வந்து தீர்ந்தன. புதிதாக ஒன்றும் போகவில்லை.

அந்த ஞாயிறு ஃபெரியில் வரும்போதே அவளுக்கு, இப்போது முன்னைவிட மோசம் என்று தோன்றியது. ஒன்றுமில்லாமல் இருந்தவரை ஆசை காட்டிவிட்டு விட்டுவிட்டோம். இந்த வாரம் பானை நிறையத் தேநீரோடு அவர் உட்கார்ந்திருப்பார். தானாவது உடன் உட்கார்ந்து தின்னலாம் என்று இரண்டு பொட்டலம் மீ கோரெங் வாங்கிக்கொண்டாள். லிப்டில் ஒன்பதை அழுத்தும்போது, என்ன ஜோக் சொல்லி ஆரம்பிக்கலாம் என்று யோசித்தாள். ஒன்றும் கிடைக்கவில்லை.

வாசலில் செருப்பு குவிந்து கிடந்தது.

பெரிய செருப்பு, குதிகால் செருப்பு, சின்னப் பிள்ளையின் விளக்கு எரியும் சப்பாத்து. உள்ளே டேரன், அவன் மனைவி, முனுசாமி, கல்லறைச் சித்தப்பா, இங்கே வருவதாக நேற்றுவரை ஒன்றும் சொல்லாத அவளுடைய அம்மா. சமையலறையில் ஏதோ தாளிக்கிற சத்தம். ஷார்லின் பொட்டலங்களைப் பிடித்துக்கொண்டு வாசலிலேயே நின்றாள். கண் தானாகக் கதவுக்குப் பின்னால் போனது. பையில் கரண்டு பில்லைத் தவிர ஒன்றுமில்லை.

“முனுசாமி மாமா, உங்களுக்கு என்ன லெட்டர் வந்துச்சு?”

“லெட்டரா? அதெல்லாம் ஒண்ணும் இல்ல. சூசை சாப்பிட வான்னான், வந்தேன்.”

“நீங்க, டேரண்ணே?”

“மாமா கூப்பிட்டாரு. சும்மா வான்னாரு.”

“சும்மாவா? அதெப்படி? நான்தான் இந்த வாரம் ஒண்ணுமே போடலையே!”

சொன்ன பிறகுதான் அவளுக்கே கேட்டது. கூடத்தில் இருந்த எல்லாரும் சமையலறைப் பக்கம் திரும்பினார்கள். சூசை கரண்டியோடு வெளியே வந்தார்.

“கேட்டீங்களா? நான் சொல்லல, அவ வாயாலயே வரும்னு?”

முனுசாமி தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தார். டேரன் தன் தலையைத் தடவிப் பார்த்துவிட்டு, “அடிப்பாவி, அப்ப அந்த மொட்ட உன் வேலைதானா?” என்றான். அவளுடைய அம்மா மாவு விஷயத்தை வீட்டுக்குப் போய்ப் பேசிக்கொள்ளலாம் என்றாள். அப்படிச் சொன்னால் அதற்கு அர்த்தம் வேறு.

“எப்பலேருந்து தெரியும் மாமா?”

“மொத கவர்லேருந்து.”

“போங்க. சும்மா சொல்றீங்க.”

“போஸ்டாபீசு திருப்பி அனுப்பினா, மேல பழைய அட்ரஸ் இருக்கும், அதுமேல ஸ்டிக்கர் ஒட்டியிருக்கும். என் கரண்டு பில்லு அப்படித்தான் வந்துச்சு. இவனுங்க கவர்ல நேரா புது அட்ரஸ். அத இவனுங்க யாரும் எங்கயும் எழுதிக் குடுக்கல. எழுதினது ஒரே ஒரு ஆளு, முத்து முத்தா.”

“தெரிஞ்சுமா எல்லாருக்கும் போன் போட்டீங்க?”

சூசை கரண்டியைத் துண்டில் துடைத்தார். “எனக்கும் ஒரு சாக்கு வேண்டியிருந்துச்சுலா” என்றார். “இந்த வாரம் பொட்டியில ஒண்ணும் இல்ல. வியாழன், வெள்ளி, ரெண்டு நாளு போன கையில வெச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். அப்புறம் முனுசாமிக்கு போட்டேன். என்னா லெட்டர்னு கேட்டான். லெட்டர் இல்ல, நான் கூப்பிடறேன்னேன்.”

“நான் ஒண்ணும் கேக்கல” என்றார் முனுசாமி. “என்னா சமையல்னுதான் கேட்டேன்.”

“ஒனக்கு எங்க காது கேக்குது!”

மறுபடியும் சிரிப்பு. ஷார்லினுக்கு அதில் சேர முடியவில்லை. அழுகை வரப் பார்த்தது. இத்தனை பேர் முன்னால், அதுவும் டேரன் முன்னால் அது வெளியே வந்தால் இந்த ஜென்மத்துக்குத் தலை நிமிர முடியாது. பொட்டலங்களை மேசைமேல் வைத்துவிட்டு நேராக ஜன்னலுக்குப் போய், எல்லாருக்கும் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். மூக்கை மெதுவாக உறிஞ்சினாள்.

சூசை அவள் பின்னால் வந்து நின்றார். மற்றவர்களுக்குக் கேட்காதபடி கேட்டார்.

“என்னா பாக்கறே?”

“பாலம், மாமா. இங்கேருந்து பாலம் நல்லா தெரியுது.”

“பாலம் அந்தாண்ட ஜன்னல்ல தெரியும்” என்றார் சூசை. “இங்க தெரியறது குப்பைத் தொட்டி.”